பரமண்டல மந்திரத்தின் கடைசி வரி

என் நைனா பல வருஷம் என்னோடு பேசாமல் இருந்தார். அதற்குக் காரணம் ஒரு ஜெபத்தின் கடைசி வரி. இப்போது சொன்னால் என் பேரப்பிள்ளைகள் நம்புவதில்லை.

நைனா பழவேற்காட்டில் ஹாலந்து தேசத்து ஒல்லாந்தர் நடத்திய பள்ளிக்கூடத்தின் வாத்தியார். கோட்டைக்கு வெளியே, சந்தைக்குப் போகிற வழியில் ஓடு போட்ட நீளமான கட்டடம் அது. சிப்பாய்களின் பிள்ளைகள், கிடங்கில் மூட்டை தூக்குகிறவர்களின் பிள்ளைகள், துணிக்குச் சாயம் தோய்க்கிறவர்களின் பிள்ளைகள் எல்லாரும் அங்கே வருவார்கள். பாதிப் பேர் வீட்டில் போர்த்துக்கீசு கலந்த பறங்கிப் பேச்சு பேசுவார்கள், தெருவில் தமிழும் தெலுங்கும். அவர்களுக்கு எழுத்தும் வேதமும் சொல்லிக் கொடுப்பது நைனாவின் வேலை. வாத்தியார் மகள் என்பதால் என்னையும் யாரும் தடுக்கவில்லை. தரங்கம்பாடியில் அச்சடித்த புதிய ஏற்பாடு ஒன்று நைனாவிடம் இருந்தது. அதைத் தொடுவதற்கு முன் கை கழுவ வேண்டும். மீன் வாசனையோடு பக்கத்தைத் திருப்பினால் கோபித்துக்கொள்வார்.

அம்மா ஏரிக்கு அந்தப் பக்கம், கடலுக்கும் ஏரிக்கும் நடுவில் இருக்கிற மணல்மேட்டுக் குப்பத்துப் பெண். அவர்கள் பறங்கியர் காலத்திலேயே ஞானஸ்நானம் வாங்கியவர்கள், மாதா கோயிலுக்குப் போகிறவர்கள். நைனாவின் வீட்டார் அவருடைய அப்பா காலத்தில் ஒல்லாந்தர் சபையில் சேர்ந்தார்கள். இரண்டு பக்கமும் ஒரே கர்த்தரைக் கும்பிட்டாலும் ஒரு பக்கத்தார் மறுபக்கத்தாரைப் பாதி அஞ்ஞானிகள் என்றுதான் நினைத்தார்கள். ஆனாலும் நைனாவும் அம்மாவும் சண்டையில்லாமல் குடும்பம் நடத்தினார்கள்.

எனக்குக் கல்யாண வயது வந்தபோது அம்மா தன் அண்ணன் மகனுக்குத்தான் என்னைக் கொடுக்க வேண்டும் என்று பிடிவாதமாக நின்றாள். மாமன் மகன் இருக்கும்போது வெளியே கொடுப்பது அவர்கள் வழக்கத்தில் இல்லை. சபையில் பெரியவர்கள் முணுமுணுத்தார்கள். நைனா சில நாள் சாப்பாட்டில் மனமில்லாமல் இருந்துவிட்டுப் பிறகு சம்மதித்தார். அம்மாவின் பேச்சை அவர் தட்டியதில்லை.

அப்படித்தான் நான் குப்பத்துக்குப் போனேன். கணவர் நல்லவர். வலையும் தோணியும்தான் அவருடைய உலகம். வாடைக்காற்று கிளம்பினால் முகத்துவாரத்தைத் தாண்டிக் கடலுக்குப் போகமாட்டார்கள், ஏரியில் மடவை மீனும் இறாலும் பிடிப்பார்கள். நான் கூடையில் அள்ளிக்கொண்டு தோணியில் பழவேற்காட்டுச் சந்தைக்குப் போவேன். திரும்பும்போது பள்ளிக்கூடத்தில் எட்டிப் பார்ப்பேன். நைனா பாடத்தை நிறுத்தாமலே தலையசைப்பார். அம்மா சோறு போடுவாள்.

சாயங்காலத்தில் குப்பத்துப் பெண்கள் மாதா கோயில் வாசலில் கூடி ஜெபம் சொல்வார்கள். பரலோகத்துப் பிதாவைப் பார்த்துச் சொல்லும் அந்த ஜெபத்தைப் பள்ளியில் நாங்கள் கர்த்தருடைய ஜெபம் என்போம். குப்பத்தில் அதற்குப் பரமண்டல மந்திரம் என்று பெயர். வார்த்தைகள் அங்கங்கே மாறும், பொருள் ஒன்றுதான். ஆனால் தீமையிலிருந்து எங்களைக் காப்பாற்றும் என்ற இடத்தில் குப்பத்துப் பெண்கள் ஆமென் சொல்லி நிறுத்திவிடுவார்கள். எங்கள் சபையில் அதற்குப் பிறகு இன்னொரு வரி உண்டு. ஆட்சியும் வல்லமையும் மகிமையும் என்றென்றைக்கும் உம்முடையவை என்று முடிப்போம். முதல்நாள் நான் பழக்கத்தில் அந்த வரியை ஓட்டிக்கொண்டே போனேன். எல்லாரும் நிறுத்திவிட்ட பிறகு என் குரல் மட்டும் தனியாகக் கேட்டது. பெண்கள் சிரித்துவிட்டார்கள்.

என் மாமியார், அதாவது மாமாவின் மனைவி, என் தோளைத் தட்டி, "இன்னாம்மா இது, மந்திரம் முடிஞ்சிபோச்சி, நீ இன்னும் சொல்லிகினே கீறே?" என்றாள்.

கேலியாகத்தான் சொன்னாள், மனதில் ஒன்றுமில்லை. ஆனாலும் எனக்குக் கூச்சமாக இருந்தது. கொஞ்ச நாளில் நாக்கு பழகிவிட்டது. ஆமென் வந்ததும் வாய் தானாக மூடிக்கொள்ளும்.

எனக்கு முதல் குழந்தை வயிற்றில் இருந்தபோது அம்மா காய்ச்சலில் போய்விட்டாள். அந்த மழைக்காலத்தில் ஊரில் பல வீடுகளில் சாவு விழுந்தது. அம்மா நைனாவின் மனைவி என்பதால் ஒல்லாந்தர் சபையைச் சேர்ந்த தமிழர்களின் கல்லறைத் தோட்டத்தில் குழி வெட்டினார்கள். குப்பத்திலிருந்து மாமா குடும்பம் முழுவதும் தோணிகளில் வந்து இறங்கியது. அப்போது பாதிரியார் யாரும் இல்லை. பழையவர் இறந்து புதியவர் வராத காலம். நைனாவே ஜெபம் நடத்தினார்.

கர்த்தருடைய ஜெபத்தை எல்லாரும் சேர்ந்து சொன்னோம். தீமையிலிருந்து என்ற இடம் வந்ததும் குப்பத்தார் ஆமென் சொல்லிச் சிலுவை போட்டுக்கொண்டு மண்ணை அள்ளக் குனிந்தார்கள். சபையார் மேலே சொன்னார்கள். நைனாவின் குரல் உடைந்து உடைந்து வந்தது. அந்த வரியைச் சொல்லிக்கொண்டே அவர் என்னைப் பார்த்தார். என் வாய் மூடியிருந்தது. நான் வேண்டுமென்று செய்யவில்லை. அம்மா குழிக்குள் இருக்கிறாள் என்பதைத் தவிர அந்த நேரத்தில் எனக்கு வேறு எதுவும் தெரியவில்லை.

மண் போட்டு முடிந்ததும் நைனா நேராக என்னிடம் வந்தார்.

"உங்கம்மாவுக்கு ஒரு வரி குறைச்சி சொல்லி அனுப்பிட்ட," என்றார். "கர்த்தர் வாயால சொன்னத வெட்டறவங்க இனிமே என் வீட்டுப் பக்கம் வர வேணாம்."

நான் அழுதேன். என் கணவருக்குத்தான் பொறுக்கவில்லை. மாமியார்கூட அவர் கையைப் பிடித்து இழுத்தாள். அவர் கேட்கவில்லை.

"வெட்டுனது நாங்க இல்ல மாமா. எங்க பாட்டன் காலத்துலருந்து இவ்ளோதான். நீங்கதான் வால ஒட்டிகினீங்க."

நைனா திரும்பிப் போய்விட்டார்.

அதன்பிறகு நைனா என்னைப் பார்ப்பதில்லை. மகன் பிறந்தபோது ஆள் அனுப்பினேன், வரவில்லை. அவனுக்குப் பின்னால் இரண்டு பெண்கள் பிறந்தார்கள். சந்தையில் நான் கூடையோடு உட்கார்ந்திருந்தால் நைனா வழியை மாற்றி மரக்காயர் தெரு வழியாகச் சுற்றிக்கொண்டு போவார். அவர் செருப்புச் சத்தம் எனக்குத் தெரியும். தலையைத் தூக்கிப் பார்ப்பதற்குள் முதுகுதான் தெரியும். சட்டை கசங்கியிருக்கும். யார் துவைத்துப் போடுகிறார்களோ என்று நினைத்துக்கொள்வேன். அவருக்குப் பிடிக்கும் என்று மடவைக் கருவாடு கொடுத்தனுப்பினால் அது திரும்பி வந்துவிடும்.

இப்படியே வருஷங்கள் போயின. அப்புறம் ஒரு கோடையில், ஏரி வற்றி ஓரங்களில் உப்புப் பூத்துக் கிடந்த சமயம், நைனா குப்பத்துக்கு வந்தார். நான் இறாலைக் காயப்போட்டுக்கொண்டிருந்தேன். கரையோரம் தோணி வந்து நின்றது. வேட்டியை முழங்காலுக்கு மேல் மடித்துக்கொண்டு தண்ணீரில் இறங்கி ஒரு கிழவர் நடந்து வந்தார். பக்கத்தில் வந்த பிறகுதான் அது நைனா என்று தெரிந்தது. அவ்வளவு நரைத்திருந்தார்.

வீட்டுக்குள் வரச் சொன்னேன். வரவில்லை. வலை காயப்போடும் பந்தலின் நிழலில் மணலிலேயே உட்கார்ந்தார். தண்ணீர் கொடுத்தேன். சொம்பைக் கையில் வைத்துக்கொண்டு குடிக்காமலே பேச ஆரம்பித்தார்.

புதிதாக ஒரு பாதிரியார் வந்திருந்தார். பெட்டி பெட்டியாகப் புத்தகம் கொண்டுவந்தவர், இளைஞர், தமிழ் கற்றுக்கொள்ள ஆசைப்பட்டவர். பள்ளிக்கூடத்து ஏடுகளில் பிழை இருக்கிறதா என்று பார்க்க நைனாவைத் தினமும் கூப்பிட்டு உட்காரவைத்துக்கொண்டார். நைனா தமிழை வாசிப்பார், அவர் மூல பாஷையான கிரேக்கத்தில் பார்ப்பார். ஆம்ஸ்டர்டாமில் அச்சடித்த பெரிய கிரேக்கப் புத்தகம் அது. ஒவ்வொரு பக்கத்திலும் மேலே வசனமும், கீழே பொடி எழுத்தில் நிறையக் குறிப்புகளும் இருக்குமாம். முதல் சுவிசேஷத்தில் கர்த்தருடைய ஜெபம் வந்தபோது அதன் கடைசி வரிக்குக் கீழே பொடி எழுத்துக் குறிப்பு மிக நீளமாக இருந்தது. என்ன அது என்று நைனா கேட்டார். பாதிரியார் முதலில் மழுப்பினார். நைனா விடவில்லை. கடைசியில் அவர் கதவைச் சாத்திவிட்டுச் சொன்னார்.

அப்போஸ்தலர்கள் கைப்பட எழுதிய ஏடு ஒன்றுகூட உலகத்தில் இல்லை. அவர்கள் எழுதியது நாணல் போன்ற ஒரு செடியிலிருந்து செய்த தாளில். அது நம் ஓலையைப் போலத்தான், ஈரத்தில் மக்கிப்போகும். அதனால் அது அழியும் முன் பார்த்துப் படி எடுத்தார்கள். எழுதியதைப் பார்த்து இன்னொருவர் எழுதினார், பிறகு ஆட்டுத்தோலில் எழுதினார்கள். எழுதுகிறவன் தூங்கி வழிந்தால் ஒரு வரி போய்விடும். ஓரத்தில் யாரோ குறித்து வைத்ததை அடுத்தவன் வசனம் என்று நினைத்து உள்ளே சேர்த்துவிடுவான். ஒன்றுக்கொன்று எழுத்துக்கு எழுத்து ஒத்துப்போகிற இரண்டு ஏடு கிடைப்பது அபூர்வம். ஆம்ஸ்டர்டாம் புத்தகத்தின் பொடி எழுத்தெல்லாம் அந்த வித்தியாசங்களின் குறிப்புதான்.

இதையெல்லாம் நைனா பாடம் நடத்துகிற குரலில்தான் சொன்னார். அந்த வரிக்கு வந்தபோது குரல் இறங்கிவிட்டது.

"ரொம்பப் பழசான கிரேக்க ஏடு சிலதுல அந்த வரி இல்லையாம். லத்தீன்ல இல்ல. ஆதியில இந்த ஜெபத்துக்கு வார்த்தை வார்த்தையா அர்த்தம் எழுதினவங்க இருக்காங்களே, அவங்க யாருமே அத சொல்லலையாம். மூணாம் சுவிசேஷத்துலயும் இதே ஜெபம் வருது. அங்க அந்த வரி இல்லவே இல்ல. நம்ம தரங்கம்பாடி புத்தகத்துலயும் அந்த மூணாம் சுவிசேஷத்துல இல்ல. எத்தினி வாட்டி படிச்சிருப்பேன், ஏன் இல்லன்னு ஒரு நாளும் நான் கேக்கல."

அப்படியென்றால் அது எங்கிருந்து வந்தது என்று கேட்டேன். அதையும் நைனா பாதிரியாரிடம் கேட்டிருந்தார். யூதர்களின் பழைய வேதத்தில் ஒரு ராஜா, கோயில் கட்டப் பொருள் சேர்த்து வைத்துவிட்டு ஆண்டவரைப் புகழ்வார். வல்லமையும் மகிமையும் ஆட்சியும் உம்முடையவை என்ற புகழ்ச்சி அங்கே இருக்கிறது. யூதர்கள் ஜெபத்தின் முடிவில் அதுபோலப் புகழ்ந்து முடிப்பது வழக்கம். முதல் கிறிஸ்தவர்களும் யூதர்கள்தானே. சபையில் ஒருவர் கர்த்தருடைய ஜெபத்தைச் சொன்னால் மற்றவர்கள் கூடி அந்தப் புகழ்ச்சியைச் சொல்லியிருப்பார்கள். வாயில் இருந்ததை என்றைக்கோ ஒரு எழுத்துக்காரன் ஏட்டில் ஏற்றிவிட்டான். அந்த ஏட்டைப் பார்த்து எழுதிய ஏடுகள் கிழக்கே பரவின. லத்தீன்காரர்களுக்கு அதற்கு முந்தின ஏடு போய்ச் சேர்ந்திருந்தது. பறங்கிச் சாமியார்கள் குப்பத்துக்குக் கொண்டுவந்தது அந்த லத்தீன் வழி. ஒல்லாந்தர் கொண்டுவந்தது கிரேக்க வழி.

"நீ எதையும் வெட்டல," என்றார் நைனா. "ஒங்க வழியில வந்ததுதான் பழசு."

எனக்குச் சந்தோஷம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. என் மகன் தண்ணீரில் விளையாடிவிட்டு ஈரத்தோடு ஓடிவந்து, யார் இது என்பதுபோல் நின்றான். நைனா அவனை முதன்முதலாக அப்போதுதான் பக்கத்தில் பார்க்கிறார்.

"நைனா, இத சொல்றதுக்கு வந்தீங்களா, இல்ல என்னப் பாக்க வந்தீங்களா?" என்று கேட்டேன்.

நைனா சொம்பிலிருந்த தண்ணீரை அப்போதுதான் குடித்தார்.

அந்தக் கேள்வி என்னை இன்றும் விடவில்லை. பொடி எழுத்துக் குறிப்பு வேறு மாதிரி இருந்து, ஒல்லாந்தர் வரியே பழையது என்று அந்தப் புத்தகம் சொல்லியிருந்தால் நைனா தோணி ஏறியிருப்பாரா? ஏறியிருக்கமாட்டார் என்றுதான் தோன்றுகிறது. ஏதோ ஒரு தேசத்தில், முகம் தெரியாத ஒரு எழுத்துக்காரன் ஒரு வரியை எழுதாமல் விட்டதால் என் நைனா எனக்குத் திரும்பக் கிடைத்தார். இன்னொருவன் எழுதியதால்தான் அவரை இழந்திருந்தேன். நடுவில் போன வருஷங்களை யாரும் திருப்பித் தரவில்லை.

பாதிரியார் நைனாவிடம் ஒன்று சொல்லியிருந்தார். இது படித்தவர்கள் அறைக்குள் பேசிக்கொள்வது, பள்ளிக்கூடத்தில் சொல்ல வேண்டாம், வரி நல்ல வரிதானே, சொல்லிக்கொண்டு போகட்டும் என்று. நைனாவால் அப்படி இருக்க முடியவில்லை. உண்மை என்று தெரிந்த ஒன்றை மறைத்து வைத்துக்கொண்டு பிள்ளைகளின் முகத்தைப் பார்க்க அவருக்கு வராது. இந்த வரி சபையார் அன்போடு சேர்த்துக்கொண்டது, சொல்லலாம், சொல்லாதவர்களைக் குறைவாக நினைக்கக் கூடாது என்று வகுப்பில் சொன்னார். அது அன்றே ஊருக்குள் பரவியது. சபையின் பெரியவர்கள் அவரைக் கூப்பிட்டு விசாரித்தார்கள். வேதத்தில் பொய் இருக்கிறது என்று வாத்தியார் சொல்கிறார் என்பதுதான் குற்றச்சாட்டு. பாதிரியாரும் அங்கே இருந்தார். தலையைக் குனிந்துகொண்டு இருந்தாராம், ஒரு வார்த்தை பேசவில்லை. நைனாவின் வேலை போய்விட்டது. சில மாதங்களில் பாதிரியாரைக் கொழும்புக்கு மாற்றிவிட்டார்கள். அவருடைய பெட்டிகளும் கப்பலேறின.

என் கணவரே போய் நைனாவைக் குப்பத்துக்கு அழைத்துவந்தார். கல்லறையில் பேசிய பேச்சைப் பற்றி இருவரும் வாயைத் திறக்கவில்லை. வீட்டை ஒட்டி நைனாவுக்கு ஒரு சிறிய குடிசை போட்டுக் கொடுத்தார்.

ஆனால் குப்பத்திலும் அவருக்கு நிம்மதி இல்லை. ஒல்லாந்தர் வேதம் பொய் என்று வாத்தியாரே ஒத்துக்கொண்டார் என்று மாதா கோயிலில் பேசிக்கொண்டார்கள். மாதா கோயிலைப் பார்த்துக்கொள்ளும் கோயில்பிள்ளை வந்து நைனாவின் கையைப் பிடித்துக்கொண்டு, ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு வந்து எல்லார் முன்னாலும் அதைச் சொல்ல வேண்டும் என்று கேட்டார். நைனா மறுத்தார். தான் சொன்னது அது இல்லை என்றார். பிறகு, பரலோகத்தில் மூன்று சாட்சிகள் உண்டு என்று புதிய ஏற்பாட்டுக் கடிதம் ஒன்றில் வருகிற வரியும் பழைய கிரேக்க ஏடுகளில் இல்லை, அது உங்கள் லத்தீன் வழியாக வந்து எங்கள் புத்தகத்திலும் ஏறிக்கொண்டது என்று விளக்க ஆரம்பித்தார். கோயில்பிள்ளை கையை விட்டுவிட்டார். அதற்குப் பிறகு கோயில் பக்கத்திலிருந்து யாரும் அவரிடம் வரவில்லை.

இரண்டு கோயிலுக்கும் போகாமல் நைனா என் வீட்டில் இருந்தார். காலையில் தன்னுடைய புதிய ஏற்பாட்டை எடுத்துக்கொண்டு பந்தலடியில் உட்காருவார். நான் மீன் அறுக்கும்போது பக்கத்தில் வந்து, பாதிரியாரிடம் கேட்டதையெல்லாம் ஒவ்வொன்றாகச் சொல்வார். யூத எழுத்துக்காரர்கள் எழுத்துகளைக்கூட எண்ணிச் சரிபார்ப்பார்களாம். பழசாகிப்போன சுருளை எறியமாட்டார்கள், மனிதரைப் புதைப்பதுபோல மண்ணில் புதைப்பார்களாம். எகிப்து தேசத்தில் குடியேறிய யூதர்களின் பிள்ளைகள் சொந்தப் பாஷையை மறந்துபோனதால் அவர்களுக்காகத்தான் முதலில் வேதத்தைக் கிரேக்கத்தில் மாற்றி எழுதினார்களாம். "நம்ம பள்ளிக்கூடத்துப் பசங்க மாதிரிதான்," என்பார். கைவேலையோடு பாதி கேட்பேன், பாதி காற்றில் போகும். அடுப்பு, குழந்தைகள், சந்தைக்குப் போகும் தோணி, இவற்றுக்கு நடுவில் எனக்குக் கிடைத்தது அவ்வளவுதான். இன்று ஓய்வாக உட்கார்ந்திருக்கிறேன். சொல்வதற்கு ஆள் இல்லை.

நைனா ஒரு மழைக்காலத்தில் படுத்தார். ஏரி நிறைந்து வாசல்வரை தண்ணீர் வந்திருந்தது. தோணிகளைக் கரையில் ஏற்றிக் கட்டியிருந்தார்கள். ஒருநாள் மத்தியானம் கஞ்சி கொடுத்துக்கொண்டிருந்தேன். பேச்சு எப்படியோ அம்மாவைப் பற்றி வந்தது.

"ஒங்கம்மா அந்த வரிய சொன்னதே இல்ல, தெரியுமா?" என்றார்.

எனக்குப் புரியவில்லை. எந்த வரி என்று கேட்டேன்.

"வீட்ல ஜெபம் பண்ணுவோமே. அந்த எடம் வர்றப்ப எழுந்து அடுப்படிக்குப் போயிடுவா. அடுப்பு அணைஞ்சி கெடக்கும், இருந்தாலும் போவா. கல்யாணம் ஆன நாள்லருந்து சாவற வரைக்கும் அப்படித்தான். எனக்குத் தெரியும்."

நான் அந்த வீட்டில்தான் பிறந்து வளர்ந்தேன். அம்மா எழுந்து போவதை எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன். ஏதோ வேலைக்குப் போகிறாள் என்றுதான் நினைத்திருந்தேன்.

அம்மாவை ஏன் ஒரு நாளும் கேட்கவில்லை என்று கேட்டேன். ஓலையில் மழை கொட்டிக்கொண்டிருந்தது.

"அவ கூடவே இருந்தா," என்றார். "கேக்கணும்னு தோணல. நீ என்ன விட்டுட்டு ஏரிக்கு இந்தாண்ட வந்துட்டே."

முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டார். தண்ணீர் வடியும் முன்பே நைனா போய்விட்டார். சபையார் பெரிய மனது பண்ணி அம்மாவுக்குப் பக்கத்தில் இடம் கொடுத்தார்கள். பழைய மாணவர்கள் சிலர் வந்திருந்தார்கள். மழையில் மண் குழைந்து கிடந்ததால் காரியம் சீக்கிரம் முடிந்துவிட்டது.